காதைப் பொத்திக்கொண்டு அழுதவர்

நடிகர் செங்கோடன் நாற்பது வருடங்களில் இருநூற்றுப் பதினேழு படங்களில் நடித்தவர். பிச்சைக்காரனாக வந்தால் சில்லறை போடத் தோன்றும். போலீஸாக வந்தால் வழிவிடத் தோன்றும். போன படத்தில் வந்த ஆள்தான் இதிலும் வந்திருக்கிறார் என்று பெயரைப் பார்த்த பிறகுதான் ஜனங்களுக்குத் தெரியும்.

மனைவி வடிவாம்பாளின் பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் அவர் ஒரே ஒரு பையோடு காவிரிக் கரையில் இருந்த ஒரு சிறிய மடத்துக்கு வந்தார். மடத்தை நடத்தியவர் உமையாள் அம்மை. ஒரு காலத்தில் தபால் ஆபீஸில் வேலை பார்த்தவர். செங்கோடனைவிடப் பதினெட்டு வயது இளையவர்.

"இங்கயே இருந்துக்கறனுங்கம்மா. என்னைச் சீடனாச் சேத்துக்குங்க."

"இருங்க. படித்துறையைக் கூட்டோணும்."

கூட்டினார். முதல் இரண்டு நாள் அவரோடு படம் எடுத்துக்கொள்ள ஆட்கள் வந்தார்கள். பிறகு வரவில்லை. பந்தியில் கடைசி இலையில் உட்கார்ந்து சாப்பிட்டார். செல்போனைத் தினமும் மறக்காமல் சார்ஜ் போட்டு வைத்தார். அது அடிக்கவேயில்லை.

பன்னிரண்டாம் நாள் காலையில் அம்மை படித்துறைக்கு வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"என்ன கேக்க வந்தீங்க? இன்னும் கேக்கவே இல்லியே."

செங்கோடன் விளக்குமாற்றைக் கீழே வைத்தார்.

"சுடுகாட்டுல, சம்சாரத்துக்குத் தீ வெச்சப்ப, அழுகை வந்துதுங்க. ரெண்டு காதையும் பொத்திக்கிட்டு அழுதேன். சுத்தி நின்னவங்க ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கிட்டாங்க. செல்போனைத் தூக்கிப் புடிச்சாங்க."

"ஏன்?"

"ஒரு படத்துல அப்படித்தானுங்க அழுவேன். மகனைப் பறிகுடுத்த நீதிபதி வேசம். அதுக்குத்தான் விருதெல்லாம் குடுத்தாங்க. கோயில் திருவிழாவுல மிமிக்ரி பண்றவங்க இன்னிக்கும் அதைத்தான் பண்ணுவாங்க."

"சரி."

"வூட்டுக்கு வந்ததும் மக கேட்டா. 'அம்மாவுக்குன்னு தனியா அழ உங்ககிட்ட ஒண்ணுமே இல்லீங்களாப்பா?' அதோட பேச்சை நிறுத்திட்டா. காரியத்துக்கு வந்தா, முகம் பாக்காம போயிட்டா."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"என்னத்தைச் சொல்றது? எனக்கே சந்தேகமாப் போச்சுங்க. நான் அழுதனா, நடிச்சனா? அதைக் கேக்கத்தான் வந்தேன்."

அம்மை, "அழுது காட்டுங்க" என்றார்.

"எப்படி அழோணும்?"

"உங்களுக்குத் தெரிஞ்ச மாதிரியெல்லாம்."

செங்கோடன் அழுதார். மாட்டைப் பறிகொடுத்த குடியானவனாக அழுதார். பிடிபட்ட திருடனாக அழுதார். குளிக்க வந்த பெண்கள் குடத்தை இறக்கி வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

"குடியானவன் அழுகை எங்க கெடைச்சுது?"

"அந்தியூர்ச் சந்தையில ஒருத்தர் அழுததைப் பாத்தனுங்க."

"திருடனோடது?"

"எங்க மாமா ஒருத்தர். ஜப்தி பண்ண வந்தப்ப அப்படித்தான் அழுதார்."

"அந்தக் காதைப் பொத்தற அழுகை?"

செங்கோடன் விளக்குமாற்றை எடுத்து ஒரு படியைக் கூட்டினார். பெண்கள் குளித்துவிட்டுப் போனார்கள். படித்துறையில் வெயில் ஏறியது.

"கல்யாணமான புதுசு. அப்ப நாடகக் கம்பெனியில இருந்தேன்" என்று அவர் கடைசியில் ஆரம்பித்தார். "பிரசவ ஆஸ்பத்திரி. என்னை வெளிய உக்கார வெச்சுட்டாங்க. வடிவு உள்ள கத்தறா. ஒரு ராத்திரி பூரா கத்தறா. கேக்க முடியாம ரெண்டு காதையும் பொத்திக்கிட்டேன். அப்புறம் சத்தம் நின்னு போச்சு. கையை எடுத்தனுங்க. கொழந்தை அழுகற சத்தம் கேக்கோணுமில்ல? கேக்கல. மறுபடியும் பொத்திக்கிட்டேன்."

"பையனா?"

"பையன். காலையில துணியில சுத்திக் கையில குடுத்தாங்க."

"அப்புறம்?"

"பத்து வருசம் கழிச்சு அந்த நீதிபதி வேசம் வந்துது. டைரக்டர் சொன்ன மாதிரியெல்லாம் அழுதும் சரியா வரல. கடைசியில கை தானாக் காதுக்குப் போச்சு. 'ஓகே'ன்னு சொல்லிட்டார். எல்லாரும் கையைத் தட்டினாங்க. வூட்டுக்கு வந்து வடிவுகிட்டச் சொல்லல. அவ தியேட்டர்ல போய்ப் பாத்துட்டு வந்தா. அன்னிக்குச் சோறு போடறப்ப என் தலையில கையை வெச்சா. ஒண்ணும் பேசல."

அவர் கைகள் மடியில் அசையாமல் கிடந்தன.

"உங்க மகளுக்கு இது தெரியுமா?"

"அவ பொறக்கறதுக்கு மூணு வருசம் முந்தி நடந்துதுங்க. அவளுக்கு ஒரு அண்ணன் இருந்தான்னே தெரியாது. நானும் வடிவுமே அதைப் பத்தி ஒரு நாளும் பேசினதில்ல. எங்க ரெண்டு பேருக்குத்தான் தெரியும்."

உமையாள் அம்மை எழுந்து சேலையில் ஒட்டியிருந்த மணலைத் தட்டிவிட்டார்.

"ரெண்டு பேருங்கறீங்களே" என்றார். "இப்ப நீங்க ஒருத்தர்தானுங்களே இருக்கீங்க."