செவியாண்டிங்கிற பேரு வந்த கதை

ஆத்துக்கு அந்தாண்ட ஒரு ஊர்ல அங்காயின்னு ஒரு பாட்டுக்காரி இருந்தாளாம். அவ பாடினா ஏர் ஓட்டுறவன் மாட்டை நிறுத்திட்டுக் கேப்பானாம். சேதி தெரிஞ்சு ராஜா அவளை அரண்மனைக்கே கூட்டிக்கிட்டாரு.

அங்க ராஜாவோட காரியக்காரன் ஒருத்தன், தேனாப் பேசுவான். "அங்காயி, நான் எதிர்ல நின்னாத்தான் உனக்குக் குரல் எழும்புது, கவனிச்சியா?"ன்னான். அவ சிரிச்சா. மறுநாளும் சொன்னான், அதுக்கு மறுநாளும் சொன்னான். நாலாம் நாள் வேணும்னே வரல. அவளுக்குப் பயத்துல தொண்டை அடைச்சுப் போச்சு. அப்புறமென்ன, அவன் சாப்பிடுன்னா சாப்பிடுவா, பேசாதேன்னா பேசமாட்டா.

ஊர்ல அவ அக்கா படுத்த படுக்கையாக் கிடந்தா. தங்கச்சியப் பாக்கணும்னு ஆள் விட்டா. வந்த ஆளை வாசல்லயே திருப்பிட்டு, "உங்கக்கா பட்டுப்புடவை கேட்டு விட்டிருக்கா"ன்னு அங்காயிகிட்ட சொன்னான் காரியக்காரன். ரெண்டாந்தரம் ஆள் வந்தப்ப, "உன் மூஞ்சியில முழிக்க மாட்டாளாம்"ன்னான். மூணாந்தரம் ஆள் வந்ததையே அவகிட்ட சொல்லல. கேக்குறீங்களா கண்ணுங்களா, அதுதான் எல்லாத்துலயும் பெரிய பாவம்.

அப்புறம் ஒருநாள் சந்தையில அக்கா புருஷனைப் பாத்தா அங்காயி.

"அக்கா எப்படி இருக்கா மாமா?"

"அவ போயி மூணு மாசம் ஆச்சு தாயி. மூணு தரம் ஆள் விட்டோமே. கடைசி வரைக்கும் வாசலையே பாத்துக்கிட்டுக் கிடந்தா."

அங்காயி அழல. மறுநாள் சபைக்குப் போனா, காரியக்காரனுக்கு முதுகைக் காட்டி நின்னா, புதுசா ஒரு கதை கட்டிப் பாடினா. செவியாண்டின்னு ஒருத்தனாம், ஒரு குயிலோட காதுக்குள்ள குடியேறி, "நீ ஊமை, நான்தான் உன் குரல்"னு சொல்லிச் சொல்லியே அதைக் கூண்டுல அடைச்சானாம்.

"யாரு அந்தச் செவியாண்டி?"ன்னாரு ராஜா.

"அப்படி யாரும் இல்லீங்க ராஜா, நான் கட்டினது."

காரியக்காரனுக்கு வேர்த்துக் கொட்டுது. "பொய் சொல்றா, அவ அக்கா செத்ததுக்கு நான் என்ன பண்ணுவேன்?"ன்னுட்டான்.

"குயிலைத்தானே பாடினா, அக்கா எங்கடா வந்தா?"ன்னாரு ராஜா.

விசாரிச்சு, உண்மை தெரிஞ்சு, அவனை எல்லை தாண்டித் துரத்தினாங்க. அவன் எந்த ஊருக்குப் போனாலும் பாட்டு முன்னாடியே போயிருச்சு. "செவியாண்டி வர்றான், கதவைச் சாத்து"ன்னாங்க பொம்பளைங்க. பெத்தவங்க வச்ச பேரு அவனுக்கே மறந்துபோச்சாம். காதுல ஓதிக் குடியைக் கெடுக்கிறவனுக்கு இன்னைக்கும் அந்தப் பேருதான்.

அங்காயி அக்காவைப் புதைச்ச இடத்துக்குப் போனா. புல்லு முளைச்சிருந்துச்சு. உக்காந்து பாடினா. எதிர்ல ஒருத்தரும் நிக்கல. குரல் நல்லாத்தான் எழும்புச்சு.

அவ்வளவுதான் கதை. அக்கா தங்கச்சி ரெண்டு பேரும் ஒரே போர்வையில படுங்க.