கொக்கு கால் மாத்துற நேரம்

அந்தக் காலத்துல, ஆடு மாடு ஈ எறும்பெல்லாம் நம்மளப் போலவே வாய் ஓயாமப் பேசிக்கிட்டிருந்தப்ப, வானத்துக்குன்னு சொந்த புத்தி கிடையாது. வருசத்துக்கு ஒருக்கா ஏரிக்கரைச் சாமி முன்னால பூக்கட்டிப் போடுவாங்க. ஒரு இலையில வெள்ளைப் பூ, இன்னொண்ணுல சேப்புப் பூ. ரெண்டையும் ஒண்ணு போல மடிச்சு மணல்ல வச்சு, பொதுவான ஆளு ஒருத்தர மிதிக்கச் சொல்லுவாங்க. வெள்ளை வந்தா வருசம் பூரா மழை. சேப்பு வந்தா வருசம் பூரா வெயில். வானம் மறுபேச்சுப் பேசாது.

எங்க மாமனாரும் இப்படித்தான், கிணறு வெட்டப் பூப்போட்டுப் பாத்தாரு. வேண்டாம்னு வந்துச்சு. கேட்டாரா? வெட்டினாரு, பாறைதான் வந்துச்சு. இன்னைக்கு வரைக்கும் அதுலதான் துணி தொவைக்கிறோம். சரி, அத விடுங்க.

அந்த வருசம் ஏரி வத்தி, நடுவுல முறத்தளவு குட்டை மட்டும் கெடந்துச்சு. அதுல குண்டாயின்னு ஒரு தவளை, தலைப்பிரட்டைக் குஞ்சுங்கள வச்சுக்கிட்டு மழைக்குத் தவிச்சுக்கிட்டிருந்தா. பக்கத்துலயே ஏரித் தரையில வளை தோண்டி, சுருட்டாயின்னு ஒரு எலி ஏழு குட்டி போட்டிருந்தா. ஒண்ணுக்கும் கண்ணு தொறக்கல. மழை வந்தா ஏழும் முங்கிரும்.

மிதிக்கிற பொதுவான ஆளு யாருன்னா, வெள்ளாயிங்கற கொக்கு. தண்ணியிலயும் நிப்பா, தரையிலயும் நிப்பா. ரெண்டு பேருக்கும் உயிர்ச் சிநேகிதி. கொக்கு தவளையத் தின்னுமேன்னு கேக்காதீங்க. அப்பல்லாம் மீனோட நிறுத்திக்கும்.

விடிஞ்சதும் பூசாரி நண்டு, கொடுக்கால இலைய மடிச்சு வச்சுட்டு, "ம்ம், வாம்மா, மிதி"ன்னான். அந்த நண்டுக்குத் தலையே கிடையாது, ஆனாலும் பரிவட்டம் கேட்டு வருசா வருசம் சண்டை!

வெள்ளாயி முன்னால வந்தா. ஒரு பக்கம் குண்டாயி கண்ணு பிதுங்க நிக்கிறா. "மதினி, பாத்து மிதி மதினி. எம்புள்ளைங்களுக்கு இன்னைக்குப் பொழுதுக்குத்தான் தண்ணி இருக்கு."

இன்னொரு பக்கம் சுருட்டாயி. "யக்கா, நேத்துதான் உங்கிட்டக் காட்டினேன். நகத்தளவுதான இருக்குதுங்க, யக்கா."

எந்த இலையில எது இருக்குன்னு வெள்ளாயிக்கு எப்படித் தெரியும்? எத மிதிச்சாலும் ஒருத்தி நெஞ்சுல அடிச்சுக்குவா. தூக்கின கால இந்த இலைக்கு நேராவும் அந்த இலைக்கு நேராவும் கொண்டு போறா.

"என்ன, பூவுக்கு வலிக்கும்னு பாக்குறியா? மிதி!"ன்னான் நண்டு.

மிதிச்சா பாருங்க! கண்ண இறுக்கி மூடிக்கிட்டு, ஒரே தாவு. ரெண்டு காலும் ரெண்டு இலையில!

வலது காலடியில வெள்ளை. இடது காலடியில சேப்பு. வானம் பாவம், என்ன செய்யும்? ரெண்டையும் செஞ்சுச்சு! அடேயப்பா, ஏரி ததும்ப ததும்ப நிக்குது, அதே ஏரி அதே இடத்துல வெடிச்சும் கெடக்கு. சுருட்டாயி வளைக்குள்ள கெளுத்தி மீனு புகுந்து நீந்துது, அதே வளையில புழுதியும் பறக்குது. ஆடு புல்லு மேயுது, அதோட கொம்புக்கு மேல அல்லி பூக்குது. ஓணான் ஒண்ணு முங்கிக் குளிச்சுக்கிட்டே, "தண்ணி எங்கய்யா?"ன்னு கேட்டுச்சாம்!

எல்லாரும் குதிச்சுக் கும்மாளம் போட்டாங்க. வெள்ளாயிக்குப் பெருமை தாங்கல.

கொஞ்ச நேரந்தான். குண்டாயி அலறுனா, "மதினி! எம்புள்ளைங்க தண்ணியில நீந்திக்கிட்டே தாகத்துல வாயப் பொளக்குதுங்க!"

சுருட்டாயி அலறுனா, "காஞ்ச மண்ணுலதான் படுத்திருக்குதுங்க, குளிர்ல வெறைக்குதுங்க யக்கா!"

"ரெண்டும் சேந்தா ரெண்டும் அரைகொறைதான். ஒரு கால எடு!"ன்னு கத்துனான் நண்டு.

இடது காலத் தூக்கினா. வெயில் போச்சு. மழை கொட்டித் தண்ணி வளை வாசல் வரைக்கும் வந்துருச்சு. சுருட்டாயி போட்ட சத்தத்துல பதறி இடது கால ஊனி வலது காலத் தூக்கினா. மழை போச்சு. குட்டையில ஆவி பறக்குது. குண்டாயி மயங்கியே விழுந்துட்டா. மறுபடி கால மாத்தினா. மறுபடியும் மாத்தினா. அப்பத்தான் வெள்ளாயிக்குப் பொறி தட்டுச்சு.

"ஏ சுருட்டாயி! வளை வாசல்ல தண்ணி தொட்டதும் கூப்பிடு. நான் வெயில் கால்ல நிக்கிறேன். ஏ குண்டாயி! புள்ளைங்க முதுகு தண்ணிக்கு வெளிய தெரிஞ்சா கூப்பிடு. மழைக் கால்ல நிக்கிறேன்."

"எத்தனை நாளைக்கு?"ன்னான் நண்டு.

"கூப்பிடுற ஆளு இருக்குற வரைக்கும்."

"அடி பைத்தியக்காரி, கால் மாத்திக்கிட்டே இருந்தா எப்ப இரை தேடுவ?"

"காலடிக்கு வந்த மீனு போதும்."

"தூக்கம்?"

"ஒத்தக் கால்ல தூங்கிக்கிறேன், போ."

அப்படியே நின்னா. எட்டாம் நாளு சுருட்டாயி குட்டிங்க ஏழும் கண்ணத் தொறந்து, ஆத்தா பின்னால கரையேறிருச்சுங்க. குண்டாயி புள்ளைங்களுக்குக் கால் மொளைச்சு, தத்தித் தத்தி வந்து வெள்ளாயி கால்லயே ஏறுச்சுங்க. "போதும் மதினி, இறங்கி வா"ன்னா குண்டாயி. வெள்ளாயி ஏரியத் திரும்பிப் பாத்தா. அங்க இன்னொரு தவளை முட்டை போட்டுக்கிட்டிருக்கு, இன்னொரு எலி வளை தோண்டிக்கிட்டிருக்கு.

அவ இறங்கவே இல்ல.

அன்னைலேருந்துதான் கொக்கு ஒத்தக் கால்ல நிக்குது. மழையும் வெயிலும் மாறி மாறி வருது. ஒரு கால ஊனி மறு காலத் தூக்குறதுக்குள்ள ரெண்டும் தரையில இருக்கும் பாருங்க, அந்த ஒரு நொடியிலதான் பளீர்னு வெயில் அடிக்கையிலயே மழையும் பெய்யும். அப்பக் கொடியில காயுற துணிய எடுக்க ஓடாதீங்க. எங்கயோ யாரோ கூப்பிட்டிருக்காங்க, அவ கால் மாத்துறா.