சந்தனம் கலையாத மடைத்தலைவர்

வெண்குன்றூர் நாட்டில், ஏரி நீரைத் திறந்துவிடவும் பங்கிடவும் நீர்ச்சாலை என்று ஓர் அலுவலகம் இருந்தது. அதில் பன்னிரண்டு அதிகாரிகள். பன்னிரண்டு பேருக்கும் ஒரே மூக்கு. தலைமை அதிகாரி அனந்தவேள், அவர் தம்பி, மைத்துனன், மருமகன், மருமகனின் தம்பி என்று குடும்பமே அங்கே குந்தியிருந்தால் மூக்கு எப்படி மாறும்? இதில் ஒருவருக்குக்கூட நீந்தத் தெரியாது என்பதுதான் வெட்கக்கேடு.

ஒருநாள் அரசர் குன்றவர்மரின் கண்ணில் அந்த மூக்குகள் பட்டன. எல்லாத் தெருக்காரர்களும், பெண்களும் நீர்ச்சாலையில் இருந்தாக வேண்டும் என்று ஆணையிட்டுவிட்டார்.

அனந்தவேள் அசரவில்லை. பத்தே நாளில் ஐந்து பேரைச் சேர்த்துவிட்டதாக அவையில் மார்தட்டினார். குயவர் தெருக்காரருக்குக் குடை பிடிக்கும் பதவி. தறிகாரர் தெருவிலிருந்து வந்தவருக்கு வாசலில் வணக்கம் சொல்லும் பதவி. நாச்சிக்கு ஆலத்தித் தட்டு ஏந்தும் பதவி. மற்ற இருவருக்கும் இதே லட்சணம். ஆளுக்கொரு பட்டுத் தலைப்பாகை வேறு. அதிகாரம் மட்டும் பழைய மூக்குகளை விட்டு நகரவில்லை.

இந்த நாச்சி யார் தெரியுமா? அந்த ஏரியின் மடை நீருக்கடியில் இருந்தது. மூச்சடக்கி முங்கி அடைப்புக்கட்டையை இழுத்தால்தான் வாய்க்காலில் தண்ணீர் வரும். எட்டு ஆண்டுகளாக முங்கியவள் நாச்சி. சென்ற ஆண்டு மடைத்தலைவர் பதவி காலியானபோது அவள் போய்க் கேட்டாள். "தகுதி என்று ஒன்று வேண்டாமா?" என்று சொல்லிவிட்டு, அனந்தவேள் அதைத் தன் மருமகன் சிங்கணனுக்குக் கொடுத்தார். தகுதியைப் பற்றிப் பேசுகிற வாயைப் பாருங்கள்.

நாச்சி, அவை விகடர் வேம்பனிடம் போனாள்.

"தட்டு எனக்கு வேணாங்க ஐயா. முங்குறது நான், மாலை அவருக்கு. மடைத்தலைவி பதவிதான் எனக்கு வேணும்."

நீந்தத் தெரியாதவன் மடை திறப்பு நாளை எப்படிச் சமாளிக்கிறான் என்று வேம்பன் விசாரித்தார். கரையில் திரை கட்டுவார்களாம். திரைக்குப் பின்னால் இவள் முங்குவாளாம். சிங்கணன் பின்னந்தலையில் ஒரு குடம் தண்ணீரை ஊற்றிக்கொண்டு வெளியே வந்து, அரசர் கையால் மாலை வாங்கிக்கொள்வானாம். பயிர் காய்ந்துவிடுமே என்று இவளும் பொறுத்துப் போயிருக்கிறாள்.

மடை திறப்பு நாள் வந்தது. தட்டு ஏந்துபவர் வாய்க்காலில் தண்ணீர் வரும்வரை அரசர் பக்கத்திலேயே நிற்பதுதான் பதவிக்கு மரியாதை என்று வேம்பன் எடுத்துச் சொன்னார். அரசரும் தலையசைத்தார். அனந்தவேள் திருதிருவென்று விழித்தார். அவள் இல்லாமல் வேலை நடக்காது என்று எந்த வாயால் சொல்வார்?

சிங்கணன் திரைக்குப் பின்னால் போனான். சளக்கென்று ஒரு சத்தம். முடி சொட்டச் சொட்ட வெளியே வந்தான். வாய்க்காலில் ஒரு சொட்டு இல்லை.

மருமகன் ஏரியின் அடிவரை போய்ப் பார்த்துவிட்டான், மடையில் பாசி அடைத்திருக்கிறது என்று அனந்தவேள் அளந்தார்.

வேம்பன் சிங்கணனை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தார்.

"இப்படியொரு தகுதியை நான் கண்டதில்லை, அரசே. ஏரிக்கடியில் போய் வந்திருக்கிறார், நெற்றிச் சந்தனம் கலையவில்லை. வேட்டி மடிப்புகூட நனையவில்லை."

கரை முழுக்கச் சிரிப்பு. வேம்பன் கண்காட்ட, அரசர் நாச்சியைப் பார்த்தார். அவள் தட்டைக் கீழே வைத்தாள். யாரையும் கேட்கவில்லை. ஏரியில் குதித்துவிட்டாள். கொஞ்ச நேரத்தில் வாய்க்கால் இரைந்துகொண்டு ஓடியது.

ஈரத்தோடு வந்து நின்றவளுக்கு அரசர் மாலையைப் போட்டு, இனி இவள்தான் நீர்ச்சாலைக்கே தலைவி என்று அறிவித்தார். கோபம் தீரவில்லை. அந்தப் பன்னிரண்டு பேரையும் இப்போதே துரத்தச் சொன்னார்.

வேம்பன் கைகூப்பிக் குறுக்கே வந்தார்.

"வேண்டாம் அரசே. எல்லாரையும் சேர்க்க வேண்டும் என்பது தங்கள் ஆணை. நீந்தத் தெரியாதவர்களை மட்டும் ஒதுக்குவது நியாயமா? அந்த ஐந்து பேருக்கும் இனி உண்மையான வேலை இருக்கும். குடை பிடிக்க, வாசலில் வணக்கம் சொல்ல ஆள் வேண்டும். இந்தப் பன்னிரண்டு பேருக்கும் அதையே கொடுங்கள். தண்ணீர் படாத வேலை."

அரசர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.