தூமகேது கேட்ட வாத்து ஈரல்

காட்டுக்கு யாரும் வேலி போடாத காலம் அது. மலைகளுக்குக்கூடப் பெயர் வைத்து முடிக்கவில்லை என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். அந்தக் காலத்தில் ஒரு தேக்கங்காட்டு ஓரத்தில் மருதன் என்றொரு விறகுவெட்டியும் அவன் தங்கை நாச்சியும் இருந்தார்கள். அண்ணன் வெட்டுவான், தங்கை சமைப்பாள். என்ன சமைப்பாள் என்று மட்டும் கேட்காதீர்கள். அரிசி இருந்தால் கஞ்சி, இல்லாவிட்டால் கிழங்கு. ஆனால் அவள் கைப்பக்குவம் அப்படி, வெறும் கிழங்கு வாசனைக்கே வழிப்போக்கர்கள் நின்று மூக்கை உறிஞ்சிவிட்டுப் போவார்கள்.

ஒருநாள் அப்படி நின்றவன் தூமகேது. ஏழு கடலுக்கு அப்பாலிருந்து வந்த மந்திரவாதி. அவன் கக்கத்தில் ஒரு பொன்தட்டு, பின்னால் மூன்று பெரிய வெள்ளை வாத்துகள்.

"பெண்ணே, எனக்கு ஒரு பதார்த்தம் வேண்டும். நெய்போலக் கொழுத்த வாத்து ஈரல். வெளியே மொறுமொறுப்பு, உள்ளே நடுக்கம். அடியில் மெல்லிய கோதுமை அப்பம், மேலே தேனில் வதக்கிய அத்திப்பழம், ஓரத்தில் மாதுளைச் சாறு. ராஜாக்கள் சாப்பிடுவது. அதை இந்த வீட்டு அடுப்பில் நீ சமைக்க வேண்டும்."

"நீங்களே பெரிய மந்திரக்காரர் மாதிரி இருக்கீங்களே சாமி?"

"மந்திரம் செய்யும் கை பட்டால் ஈரல் கரியாகிவிடும். அக்கறையாகச் சமைக்கிற கைதான் வேண்டும். மூன்று வாத்து, மூன்று முறை. மூன்றும் கெட்டால் உன் அண்ணன் கல்லாகிவிடுவான்."

நாச்சி பதறி அண்ணனைத் திரும்பிப் பார்த்தாள். மருதனோ பொன்தட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். அதன் எதிரே யார் உட்கார்ந்தாலும் அது நிரம்பும் என்றான் தூமகேது. மருதன் உட்கார்ந்தான், நிரம்பியது. நெய்ச்சோறு, வறுத்த கறி, பால்பாயசம். பிறந்ததிலிருந்து அரைவயிறாகக் கிடந்தவன், பாவம், அவனை என்ன குறை சொல்வது?

மறுநாளே வாத்துகளைக் கொழுக்க வைக்கும் வேலை தொடங்கியது. சோளத்தை வேகவைத்து, நெய் விட்டுப் பிசைந்து, மூங்கில் குழாய் வழியாகத் தொண்டைக்குள் இறக்க வேண்டும்.

"ஐயோ, அதுங்களே திங்காதா சாமி?" என்று கேட்டாள் நாச்சி.

"தின்னும். போதும் என்றதும் நிறுத்திவிடும். அது நிறுத்தக் கூடாது என்பதற்குத்தான் குழாய்."

காலையில் ஒரு தடவை, மத்தியானம் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை. வாத்துகள் கழுத்தை உள்ளே இழுத்துக்கொள்ளும். நாச்சி கண்ணை மூடிக்கொண்டு குழாயை வைப்பாள். பிறகு, தூமகேது சொல்லிக்கொடுத்தபடி, விலாவுக்குக் கீழே விரலால் அழுத்தி ஈரல் வளர்ந்திருக்கிறதா என்று பார்ப்பாள். அண்ணன் கல்லாகாமல் இருந்தால் போதும், இந்தப் பாவத்தை நான் சுமந்துகொள்கிறேன் என்று மனசுக்குள் சொல்லிக்கொள்வாள்.

வாத்துகள் நடக்க முடியாமல் கொழுத்ததும், முதல் வாத்தின் ஈரலை எடுத்தாள். ஈரல் என்றால் நம் வீட்டில் என்ன செய்வோம்? மஞ்சள் தடவி, பல தண்ணீர் விட்டுக் கழுவி, சின்ன வெங்காயமும் மிளகும் போட்டு வேகும்வரை கொதிக்க விடுவோம். அதையேதான் அவளும் செய்தாள். மூடியைத் திறந்தால் சட்டி நிறையக் கொழுப்பு மிதக்கிறது. ஈரலைக் காணவில்லை! அகப்பையை விட்டுத் துழாவித் துழாவிப் பார்த்தாள். ஒரு துண்டுகூட இல்லை.

"ஒன்று போயிற்று" என்றான் தூமகேது.

இரண்டாவது நாள், கொதிக்க வைத்தால்தானே கரைகிறது, பொரித்துவிடலாம் என்று நினைத்தாள். வாணலியில் தாராளமாக எண்ணெய் விட்டாள். ஈரலைப் போட்டாள். சொய்ங் என்றது, சுருங்கியது, பட்டாணி அளவாயிற்று, அதுவும் போயிற்று.

"இரண்டு போயிற்று" என்றான் தூமகேது. அவன் குரலில் கோபமே இல்லை. அதுதான் நாச்சியை இன்னும் பயமுறுத்தியது.

மூன்றாவது நாள் அவள் அவசரப்படவில்லை. ஈரலைப் பாலில் ஊறவைத்தாள். நரம்புகளை ஒவ்வொன்றாக உருவினாள். கட்டைவிரல் கனத்துக்குத் துண்டு போட்டாள். அப்புறம் வெறும் வாணலியை அடுப்பில் ஏற்றினாள். எண்ணெய் விடாத சட்டியில் ஈரலைப் போட யாருக்குத்தான் மனசு வரும்? எண்ணெய்ச் செம்பைக் கையில் எடுத்தாள், வைத்தாள், மறுபடி எடுத்தாள். 'இதுவே எண்ணெய்தானே, இதுக்கு எதுக்கு எண்ணெய்?' என்று ஒரு நினைப்பு ஓடியது. செம்பைத் தள்ளி வைத்தாள். வாணலி புகையும்வரை காத்திருந்து, ஈரலைப் போட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு திருப்பிப் போட்டு, உடனே இறக்கினாள். மேலே பொன்னிறம். விரலால் தொட்டால் உள்ளே நடுங்கியது, அவளைப் போலவே.

அப்பம், ஈரல், அத்திப்பழம், மாதுளைச் சாறு. தூமகேது ஒரு வாய் வைத்தான், கண் மூடினான், கடைசித் துணுக்குவரை விரலால் வழித்தான். நாச்சிக்கு அப்போதுதான் மூச்சே வந்தது.

"கை பழகிவிட்டது. நாளைக்கும் இதே பக்குவம், மறந்துவிடாதே" என்றான்.

"நாளைக்கா? வாத்துதான் தீர்ந்துபோச்சே சாமி."

தூமகேது எழுந்தான். பொன்தட்டின் முன்னால் உட்கார்ந்திருந்த மருதனிடம் போனான். விலாவுக்குக் கீழே விரலால் மெல்ல அழுத்திப் பார்த்தான்.

நாச்சி அண்ணனை அன்றுதான் சரியாகப் பார்த்தாள். அவனால் வாசற்படி தாண்ட முடியாது. புஸ்புஸ் என்று மூச்சு வாங்குகிறான். காலையில் ஒரு தடவை, மத்தியானம் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை. வாத்துகளையே கவனித்துக்கொண்டிருந்தாளே, கூடப் பிறந்தவனைக் கவனித்தாளா?

"அண்ணே, போதும்னு சொல்லு!" என்று கத்தினாள்.

"போ..." என்றான் மருதன். அதற்குமேல் நாக்கு எழவில்லை. கண்ணில் தண்ணீர் வந்தது, கை அடுத்த கவளத்தை எடுத்தது.

"அந்தச் சொல்லை இந்தத் தட்டு தின்றுவிடும். மனித ஈரலைப் பக்குவம் கெடாமல் தின்றால் எனக்குச் சாவே கிடையாது. வாத்துகள் உன் கைக்குப் பயிற்சி. சமைக்க மாட்டேன் என்றால் இரண்டு பேருமே கல்" என்றான் தூமகேது.

ஓடலாமா? அண்ணனால் நடக்கவே முடியாது. தட்டை உடைக்கலாமா? பொன் உடையுமா? மறுநாள் காலையில் எதுவும் தோன்றாமல், தேக்கிலையில் இருந்த கிழங்கைப் பேருக்கு விண்டுவிட்டு, வழக்கம்போல இலையை மடித்தாள். மடித்த கை அப்படியே நின்றது.

அந்த மந்திரவாதி அண்ணன் நாக்கைத்தான் கட்டியிருக்கிறான், கையைக் கட்டவில்லை. தட்டை மடிக்க முடியாது. இலையை மடிக்கலாமே!

வீட்டுக்குப் பின்னால் இருந்த வாழைத் தோட்டத்துக்கு ஓடினாள். நுனியிலை ஒன்று அறுத்துவந்தாள்.

"சாமி, இது எங்கண்ணனுக்குக் கடைசிச் சாப்பாடு. எங்க வழக்கப்படி இலை போட்டுப் பரிமாறட்டுமா?"

"தட்டாக இருந்தால் என்ன, இலையாக இருந்தால் என்ன? போடு" என்று சிரித்துக்கொண்டே தூமகேது எதிரில் உட்கார்ந்தான். பொன்தட்டைக் கையில் வைத்துக்கொண்டு அதிலிருந்து கவளம் கவளமாக அவனே இலையில் தள்ளினான்.

"அண்ணே, இலை போட்டிருக்கேன்" என்றாள் நாச்சி. அதற்குமேல் எப்படிச் சொல்வாள்? எதிரே அவன் உட்கார்ந்திருக்கிறானே!

மருதன் தின்றான். தூமகேது தள்ளினான். மருதன் தின்றான். நாச்சி அண்ணன் கையையே பார்த்தாள். புரிந்ததா இல்லையா? மருதன் தலை நிமிர்ந்து தங்கையைப் பார்த்தான். கை மெல்ல நீண்டு இலையின் மேல் ஓரத்துக்குப் போனது. நம் வழக்கம் உங்களுக்குத் தெரியும். சாப்பிட்டவர் இலையைத் தன் பக்கமாக மடிப்பார். எதிர்ப்பக்கமாக மடிப்பது இழவு வீட்டில்தான். மருதன் மேல் ஓரத்தைத் தூக்கி, தன் பக்கமாக, மெதுவாக மடித்துவிட்டான்.

தூமகேது அடுத்த கவளத்தைத் தள்ளினான். அது விழவில்லை. மடித்த இலையில் பரிமாற மனிதருக்கு மனசு வராது, மந்திரத்துக்கும் வரவில்லை. ஆனால் தட்டுக்கு ஒரு வாய் வேண்டுமே? அது திரும்பியது. கவளம் நேராகத் தூமகேதுவின் வாய்க்குள் போனது. அதன் பின்னால் இன்னொன்று, அதன் பின்னால் இன்னொன்று.

"போ... போ..." என்றான் தூமகேது. கன்னம் உப்பியது, வயிறு உப்பியது, கழுத்தை உள்ளே இழுத்துக்கொண்டான்.

நாச்சிக்கு அந்த இழுப்பு தெரியும். அவளால் இன்னொரு தடவை கண்ணை மூடிக்கொள்ள முடியவில்லை. நீங்களாக இருந்தால் பார்த்துக்கொண்டு நின்றிருப்பீர்கள், நானும்தான். அவளோ ஓடிப்போய் இன்னொரு இலை அறுத்துவந்து அவன் முன்னால் போட்டாள்.

"மடிச்சிருங்க சாமி, சீக்கிரம்!"

தூமகேதுவுக்கு இலையில் சாப்பிட்டுப் பழக்கமில்லை. எதிரில் உட்கார்ந்து பார்த்ததுதான். மருதனின் இலை தன்னைவிட்டு அந்தப் பக்கமாகப் போனதைத்தான் அவன் பார்த்திருந்தான். அதனால் தன் பக்கத்து ஓரத்தைத் தூக்கினான்.

"ஐயோ, அந்தப் பக்கம் இல்ல, இந்தப் பக்கம்!" என்று நாச்சி கை நீட்டுவதற்குள் மடித்துவிட்டான், எதிர்ப்பக்கமாக.

அவன் இருந்த இடத்தில் ஒரு கரும்புகை மட்டும் எழுந்து கூரை இடுக்கு வழியாகப் போயிற்று. பொன்தட்டு தகரமாகிக் கிடந்தது.

"போதும்" என்றான் மருதன். சொல் முழுசாக வந்ததைக் கேட்டு அவனே திடுக்கிட்டான். "போதும், போதும், போதும்" என்று சொல்லிக்கொண்டே அழுதான். நாச்சியும் அழுதாள்.

அப்புறம் மருதன் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தான். அடுப்பில் கிடந்த கிழங்கை எடுத்துத் தோலுரித்து, தங்கையை உட்காரவைத்து, இலை போட்டுப் பரிமாறினான். ஒரு துண்டு வைத்தான், இன்னொரு துண்டு வைத்தான். மூன்றாவது துண்டைக் கையில் எடுத்தவன் அப்படியே நின்றான்.

"போதுமா நாச்சி?" என்று கேட்டான். அவள் பதில் சொல்லும்வரை காத்திருந்தான்.