எல்லோருக்கும் ஜூன் ஒன்று

சர்க்கரை ஆலை அலுவலகத்தில் கோப்பு எடுத்துக் கொடுப்பவள் ஆவுடையம்மாள். மேலாளர் சங்கரலிங்கம் அவளைக் கூப்பிட்டார்.

"பள்ளிச் சான்றிதழ்படி வர்ற ஜூன் ஒண்ணோட உனக்கு அறுபது. வீட்டுக்குக் கிளம்பு."

அது பொய். அவளுக்கு அசலில் ஐம்பத்தெட்டுதான். வேலை போனால் கடைசி மகளின் நர்சிங் படிப்பும் நின்றுவிடும்.

"சார், அப்பல்லாம் கை தலையைச் சுற்றிக் காதைத் தொட்டா ஒண்ணாம் வகுப்பு. தொட்ட எல்லாருக்கும் வாத்தியார் ஒரே தேதியை எழுதிட்டார். எனக்குச் சீக்கிரமே எட்டிடுச்சு. இதோ ஜாதகம்."

"ஜாதகம் பார்க்க இது என்ன தரகர் வீடா? யாரா இருந்தாலும் சான்றிதழ்தான்."

"அதை அப்படியே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்க சார்."

வீறாப்பாக எழுதிக் கொடுத்தார். அவள் அதை மடித்து வைத்துக்கொண்டு, அலமாரியிலிருந்து அவருடைய கோப்பையே எடுத்து மேசையில் விரித்தாள். இருவரும் ஒரே பள்ளி, ஒரே வகுப்பு. சான்றிதழில் தேதியும் வருடமும் ஒன்று. போன வருடம்தான் அவர் ஜாதகத்தைக் காட்டித் தன் வயதில் இரண்டைக் குறைத்திருந்தார்.

"உங்க ஆர்டர்படி நீங்களும் கிளம்பணும் சார். ரெண்டு மாலையாச் சொல்லிடவா?"

சங்கரலிங்கம் கோப்பை மூடினார். 

"அந்த ஜாதகத்தைக் கொடு" என்றார்.

கொடுத்தாள். அவர் கையெழுத்துப் போட்ட தாளை மட்டும் கொடுக்கவில்லை.