சுவர்ப் பல்லி பேச்சை விட்ட கதை

இந்தக் கதையில் எங்கோ ஓர் ஓட்டை இருக்கிறது என்ற சந்தேகம் பல வருடமாக உண்டு. சொன்னவரோ பக்கத்தில் நின்று பார்த்தது போலச் சொன்னார். கேட்டதைக் கேட்டபடி சொல்லிவிடலாம், சந்தேகத்தைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம்.

அந்தக் காலத்தில், பல்லிக்கும் வாய் நிறையப் பேச்சு இருந்தபோது, கிரேக்க நாட்டுக் கடலோரத்தில் ஓர் ஊர் இருந்தது. அங்கே தடுக்கி விழுந்தால் யாராவது ஒரு ஞானியின் மேல்தான் விழவேண்டும். சந்தையில் ஆளுக்கொரு சுண்ணாம்புச் சுவர் வைத்திருந்தார்கள். இன்று நாம் கைப்பேசியில் செய்வதையெல்லாம் அவர்கள் அந்தச் சுவர்களில் செய்தார்கள். காலையில் தோன்றியதைக் கரியால் எழுதுவார்கள். பிடித்தவர்கள் காவியில் கட்டைவிரலை முக்கி அடியில் ஒரு லைக் வைப்பார்கள். பிடிக்காதவர்கள் அதே இடத்தில் திட்டி எழுதுவார்கள். ஒருவர் உலகம் வெங்காயத்தால் ஆனது என்று எழுத, உரித்துப் பார்த்தாயா என்று ஐம்பது பேர் கேட்டிருந்தார்கள். இன்னொருவர் தின்ற அத்திப்பழத்தைத் தினமும் படமாக வரைந்தார். வேறொருவர் இனி மௌனமே என் வழி என்று எழுதிவிட்டுப் போவார். யாராவது தேடினார்களா என்று பார்க்க மூன்றாம் நாளே வந்து நிற்பார்.

ஒவ்வொரு சுவரிலும் ஒரு பல்லி குடியிருந்தது. படிக்கத் தெரியாதவர்களுக்கு அது வாசித்துச் சொல்லும். யார் வந்தார், யார் படித்தார் என்று மட்டும் வெளியே சொல்லக்கூடாது. அது பல்லிகளின் கட்டுப்பாடு.

வருடத்துக்கு ஒரு நாள் ஊர் கூடி உடைந்த பானையோட்டில் ஆளுக்கொரு பெயர் கீறிப் போடும். அதிக ஓடு விழுந்தவர் பத்து வருடம் ஊருக்குள் காலெடுத்து வைக்கக்கூடாது. இன்றைக்கு பிளாக் என்கிறோமே, அதுதான்.

அந்த வருடம் இரண்டு பெயர்கள் அடிபட்டன. ஒன்று காரிஸ்தெனர். ஐம்பது தாண்டியவர், எதையும் இரண்டு முறை யோசித்து மூன்றாம் முறை வருத்தப்படுபவர். மற்றொன்று பொலிமீதர், முப்பது வருடமாக அவரோடு ஒரே தட்டில் ஆலிவ் தின்ற நண்பர்.

காரிஸ்தெனருக்குத் தூக்கம் போயிற்று. மற்றவர்கள் சுவரில் லைக் இல்லாவிட்டால் வசவாவது இருந்தது. அவர் எழுத்துக்கு அடியிலோ தினமும் வெறும் வெள்ளை. ஊரே கூடிப் பேசிவைத்து ஒதுக்குகிறது என்று நினைத்தார். பொலிமீதர் மட்டும் மாலையில் எதிரே உட்கார்ந்து, "இன்னைக்கு எழுதினது நல்லா இருந்ததுப்பா" என்பார். நேரில் சொல்கிறவன் சுவரில் ஏன் விரல் வைப்பதில்லை? நண்பரின் நகக்கண்ணில் எப்போதும் சுண்ணாம்பு ஒட்டியிருந்ததையும் கவனித்தார். தன் சுவரைத் தானே மினுக்கிக்கொள்கிறான் என்று அதற்கும் ஓர் அர்த்தம் கிடைத்தது.

ஓடு போடும் நாளுக்கு முன்தினம் தன் சுவர்ப் பல்லியிடம் போனார். சத்தமில்லாமல் வந்து படித்துவிட்டுப் போவது யார் என்று கேட்டார். பல்லி கட்டுப்பாட்டைச் சொல்லி மறுத்தது.

"நீ பேரே சொல்ல வேண்டாம். நான் சொல்றேன். ஆமான்னா நாக்கை மட்டும் தட்டு."

"அது தப்பில்லையா ஐயா?"

"நாக்கைத் தட்டறது பேச்சாகுமா?"

ஞானி சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று பல்லி நம்பியது. அவர் ஒவ்வொரு பெயராகச் சொன்னார். பல்லி அசையவில்லை. பொலிமீதர் என்றார்.

"த்ச்."

"தினமுமா?"

"த்ச்."

அதற்கு மேல் அவர் கேட்கவில்லை. தினமும் வருகிறான், படிக்கிறான், விரல் வைக்காமல் போகிறான். பகை என்பதற்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

மறுநாள் தன் ஓட்டில் நண்பரின் பெயரைக் கீறிப் போட்டார். ஒரே ஓடு வித்தியாசத்தில் பொலிமீதர் ஊரை விட்டுப் போகவேண்டியதாயிற்று.

மூட்டையோடு புறப்பட்டவர் காரிஸ்தெனரின் வாசலில் நின்றார். கையில் வெள்ளையடிக்கும் நார்மட்டை ஒன்றும் சுண்ணாம்புச் சட்டி ஒன்றும் இருந்தன.

"இதை வெச்சுக்கோ. இனிமே நீதான் சீக்கிரம் எழுந்திருக்கணும்."

போகிற நேரத்திலும் நக்கலைப் பார் என்று நினைத்துக்கொண்டே காரிஸ்தெனர் வாங்கிவைத்தார்.

வழக்கம்போல விடிந்ததும் சுவருக்குப் போனார். அவர் எழுத்துக்கு அடியில் இரண்டு முழத்துக்கு வசவு. கிழட்டுக் கழுதை என்று ஒருவன். சந்தேகத்துக்குப் பிறந்த சந்தேகம் என்று இன்னொருவன். செத்துப்போன மனைவியை இழுத்துக்கூட ஒரு வரி இருந்தது. ஒரே நாளில் விழுந்தவை. முப்பது வருடமாகத் தினமும் இப்படித்தான் விழுந்திருக்கின்றன, அவர் வருமுன் யாரோ பூசி மறைத்திருக்கிறார்.

பல்லியைப் பார்த்து, "வந்தவன் என்ன செய்தான்னு ஏன் சொல்லலே?" என்றார்.

"நீங்க பேரை மட்டும்தானே கேட்டீங்க ஐயா."

ஆத்திரத்தில் எட்டிப் பிடித்தார். பல்லி உச்சிக்கு ஓடிவிட்டது. வால் மட்டும் அவர் உள்ளங்கையில் துடித்தது. பாதி சொன்னதால் ஒரு மனிதர் ஊரை இழந்தார் என்று பல்லி மேலேயிருந்து அழுதது. இனி முழுதாகவும் வேண்டாம், பேச்சே வேண்டாம் என்று வாயை மூடிக்கொண்டது. நாக்குத் தட்டும் பழக்கம் மட்டும் அதை விடவில்லை.

காரிஸ்தெனர் அதன்பின் எழுதவில்லை. தினமும் விடியுமுன் சட்டியோடு போய், பொலிமீதரின் சுவரில் ஊரார் எழுதிய ஏச்சைப் பூசி மறைத்துவிட்டு வந்தார். ஏன் என்று யாரிடமும் சொல்லவில்லை. பத்து வருடம் முடிந்தும் பொலிமீதர் திரும்பவில்லை.

அன்று முதல்தான் பல்லி சுவரோடு ஒட்டிக்கொண்டு, எல்லாவற்றையும் பார்த்துவிட்டு, 'த்ச்' என்பதோடு நிறுத்திக்கொள்கிறது. பிடிக்கப் போனால் வாலைக் கொடுத்துவிட்டு ஓடுகிறது. அந்த நேரத்தில் நம் மனதில் என்ன ஓடுகிறதோ, அதைத்தான் அது ஆமாம் என்றதாக நாமும் எடுத்துக்கொள்கிறோம்.

சந்தேகம் இதுதான். பல்லி வாயை மூடிவிட்டது. ஒருவர் ஊரை விட்டே போனார். மற்றவர் கடைசிவரை வெளியே சொல்லவில்லை. பிறகு கதை வெளியே வந்தது எப்படி? ஆகவே, கதையைச் சொன்னவரிடம் போன வாரம் கேட்டே விட்டாயிற்று:

"அப்படின்னா முப்பது வருஷமும் அந்தச் சந்தையில நின்னு பார்த்துக்கிட்டிருந்த இன்னொரு ஆள் யாருங்க? ஓடு போடறதுக்கு முன்னாடி அவர் ஏன் ஒரு வார்த்தை சொல்லலை?"