தீயில்லாமல் சிவந்த சீனி

தூத்துக்குடியில் ஒரு மாடிவீட்டுச் சமையலறையில், எவர்சில்வர் டப்பா ஒன்றுக்குள், ஒரு காலத்தில் கொஞ்சம் சீனி குடியிருந்தது.

அதற்குத் தன்னைப் பற்றி உயர்ந்த எண்ணம். அந்த எண்ணத்தில் பொய்யும் இல்லை. அந்த வீட்டுக்காரன் தார்சியுசுக்குத் துறைமுகத்தில் வேலை நிரந்தரமான அன்று எல்லாரும் முதலில் தேடியது அந்த டப்பாவைத்தான். அவன் மனைவி விண்ணரசி முழுகாமல் இருக்கிறாள் என்று தெரிந்த அன்று, அவன் ஓடிவந்து ஒரு பிடி சீனியை அள்ளி அவள் வாயில் போட்டான். சிரித்துக்கொண்டே போட்டதில் பாதி தரையில் சிந்தியது.

"நல்ல சேதி எதுவானாலும் என் மூடியைத் திறந்துகொண்டுதான் உள்ளே வரும்" என்று சீனி பக்கத்து ஜாடியில் இருந்த உப்பிடம் சொல்லும்.

அந்தச் சேதி நிலைக்கவில்லை. ஐந்தாம் மாதத்தில் ஒருநாள் விண்ணரசியை அவசரமாக ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். மூன்று நாள் கழித்து வெறும் வயிற்றோடு வீடு திரும்பினாள். வந்தவள் சுவரைப் பார்த்துப் படுத்ததோடு சரி. மாத்திரைக்காக இரண்டு மடக்குத் தண்ணீர் குடிப்பாள். வேறு எதுவும் இறங்கவில்லை.

தார்சியுசின் தங்கை ஜெசிந்தா பாளையங்கோட்டையிலிருந்து வந்து கூட இருந்தாள். காலையும் மாலையும் சீனி தூக்கலாகப் போட்டு டீ கொடுத்தாள். டீ ஆறி, ஆடை படிந்து திரும்பி வந்தது. பார்க்க வந்தவர்கள் வைத்துவிட்டுப் போன லட்டையும் பாதுஷாவையும் எறும்புகள் தின்றன.

"இனிப்பு எதுவும் கொண்டுவராத ஜெசி. வாயில வச்சாலே கொமட்டுது" என்று உள்ளறையிலிருந்து விண்ணரசி சொன்னது டப்பாவுக்குள் கேட்டது.

சீனி திகைத்துப்போனது. பிறந்ததிலிருந்து அதை யாரும் வேண்டாம் என்று சொன்னதில்லை. "என்னிடம் என்ன குறை?" என்று கேட்டது.

"உன்னிடம் ஒரு குறையும் இல்லை" என்றது உப்பு. அது ஆறுதலா கேலியா என்று சீனிக்குப் பிடிபடவில்லை.

வீடு திரும்பிய நான்காம் நாள் பிற்பகலில் டாக்டர் போனில் பேசினார். நாளைக்குள் வாய்வழியாக எதுவும் போகாவிட்டால் மறுபடி ஆஸ்பத்திரியில் சேர்த்து டிரிப் ஏற்ற வேண்டும் என்றார். அதைக் கேட்டதும் விண்ணரசி போர்வையைத் தலைவரை இழுத்துக்கொண்டாள். "அந்த வார்டுக்கு மட்டும் என்னைக் கூட்டிட்டுப் போயிராதிய" என்றாள்.

ஜெசிந்தா சமையலறைக்கு வந்து ஃபிரிட்ஜைத் திறந்தாள். ஒரு டம்ளர் பாலும் இரண்டு முட்டையும் இருந்தன. அடுப்பைப் பற்றவைத்தாள். நீலமாக ஒருமுறை எரிந்து அணைந்தது. சிலிண்டர் தீர்ந்திருந்தது. அடுத்தது காலையில்தான் வரும்.

மூலையில் ஒரு மைக்ரோவேவ் அடுப்பு இருந்தது. கல்யாணத்துக்குத் தார்சியுசின் நண்பர்கள் சேர்ந்து வாங்கிக் கொடுத்தது. இரண்டு வருடமாக அது சுடவைத்ததெல்லாம் முந்தினநாள் மீன்குழம்பும், ஆறிப்போன காப்பியும்தான். ஜெசிந்தா அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். ஹாஸ்டலில் இருந்தபோது இதே மாதிரி ஒன்றில் தோழிகளோடு கேரமல் புட்டிங் செய்த ஞாபகம் வந்தது.

டப்பாவைக் கவிழ்த்துத் தட்டினாள். நான்கு கரண்டிச் சீனி தேறியது. ஒரு கரண்டியைப் பாலில் போட்டு முட்டையோடு அடித்து வைத்தாள். மூன்று கரண்டியைக் கண்ணாடிக் கிண்ணத்தில் கொட்டி, ஒரு கரண்டித் தண்ணீர் விட்டு மைக்ரோவேவ் அடுப்புக்குள் வைத்தாள். நிறம் மாறியதும் நிறுத்திவிடலாம் என்று எண்ணி நான்கு நிமிடம் கொடுத்தாள்.

கதவு மூடியது. விளக்கு எரிந்தது. கிண்ணம் மெல்லச் சுற்றத் தொடங்கியது.

"தீ எங்கே?" என்று கேட்டது சீனி.

"என்னிடம் தீ கிடையாது" என்றது அடுப்பு. "என்னிடமிருந்து ஏதோ ஒன்று கிளம்பிப் போகிறது. உள்ளே இருப்பவர்கள் சூடாகிறார்கள். அது என்ன என்று நானே கண்ணால் பார்த்ததில்லை."

"என்னைப் போல யாராவது இதற்குமுன் வந்திருக்கிறார்களா?"

"இல்லை. என்னிடம் வருவதெல்லாம் முந்தினநாள் பண்டங்கள். குழம்பாக வரும், குழம்பாகவே போகும்."

சீனிக்குத் தைரியம் வந்தது. நாமும் சீனியாகவே வெளியே போவோம் என்று நினைத்துக்கொண்டது.

முதலில் சலனம் கண்டது தண்ணீர்தான். "என்னை யாரோ கூப்பிடுகிறார்கள்" என்றது. அதன் உடம்பு முழுவதும் துள்ளியது. துள்ளிய வேகத்தில் சீனியின் ஒவ்வொரு மணியையும் கட்டிப்பிடித்து மூலைகளையெல்லாம் கரைத்தது. இவ்வளவு நாள் தன் அழகு என்று சீனி நம்பியிருந்த கூர்மையான மூலைகள் அவை. எண்ணற்ற மணிகள் ஒன்றோடு ஒன்று கலந்து ஒரே உடம்பாயின. இந்தப் பக்கத்து விளக்கு அந்தப் பக்கம் தெரிந்தது. வெளிச்சம் தன்னை ஊடுருவிப் போவதைச் சீனி முதல்முறையாகக் கண்டது.

"நான் போகிறேன்" என்றது தண்ணீர், ஆவியாக எழும்பிக்கொண்டே. "இதற்கு மேல் என்னால் கூட வர முடியாது. இனி உன் பாடு."

கிண்ணத்தில் கொப்புளங்கள் பெரிதாகி, வேகம் குறைந்து, கெட்டியாக வெடித்தன. ஓர் ஓரத்தில் மஞ்சள் படிந்தது. மஞ்சள் தேன் நிறமாயிற்று. அப்போது சீனியிடமிருந்து வாசனை ஒன்று எழுந்தது. அதுவரை அதற்கு வாசனை என்பதே இருந்ததில்லை. இப்போதோ வெண்ணெய் போல, பழுத்த பழம் போல, வறுத்த கொட்டை போல வாசனைகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டே இருந்தன.

"இதெல்லாம் எங்கிருந்து வருகிறது?" என்றது அடுப்பு, தாழ்ந்த குரலில்.

"தெரியவில்லை. யாரும் எனக்குள் எதுவும் போடவில்லை" என்றது சீனி.

அந்த நேரத்தில் உள்ளறையில் ஏதோ விழும் சத்தம் கேட்டது. கண்ணாடிக் கதவு வழியே உள்ளே பார்த்துக்கொண்டிருந்த ஜெசிந்தா ஓடினாள். பாத்ரூமுக்குப் போக எழுந்த விண்ணரசி தலைசுற்றிக் கட்டிலோரம் உட்கார்ந்துவிட்டிருந்தாள். மருந்துப் பாட்டில்தான் உருண்டது.

அடுப்பின் முன்னால் இப்போது யாரும் இல்லை. தேன் நிறம் சிவப்பாயிற்று.

"போதும். நிறுத்து" என்றது சீனி.

"என்னால் ஆகாது. வெளியே இருக்கிற கை நிறுத்த வேண்டும். இல்லாவிட்டால் என் எண்கள் ஓடி முடிய வேண்டும்."

"இன்னும் எவ்வளவு?"

"நாற்பது விநாடி."

அந்த நாற்பது விநாடியில்தான் சீனி தன்னை அறிந்தது. கசப்பு என்பது பாகற்காயிடமும் மாத்திரையிடமும் இருக்கிற சங்கதி, தனக்கும் அதற்கும் சம்பந்தமே கிடையாது என்று அது நினைத்திருந்தது. இப்போது கசப்பு அதன் அடியிலிருந்து எழுந்தது. வெளியே இருந்து வரவில்லை. அந்த வெள்ளைக்குள்ளேயே இத்தனை காலமும் சத்தம் காட்டாமல் உறங்கியிருக்கிறது. சீனி பயந்தது. பயத்தையும் மீறி, இவ்வளவு பெரிய ஒன்றைத் தாங்கும் இடம் தனக்குள் இருந்திருக்கிறதே என்று பிரமித்தது.

"இரண்டு வருடமாக இங்கே இருக்கிறேன்" என்றது அடுப்பு. "ஒன்று போய் இன்னொன்றாகும் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை."

மணி அடித்தது. விண்ணரசியைப் படுக்கவைத்துவிட்டு வந்த ஜெசிந்தா கதவைத் திறந்தாள். மெல்லிய புகை ஓர் இழையாக வெளியே வந்தது.

"கருகிட்டு" என்று தனக்குள் சொல்லிக்கொண்டாள். துணியால் கிண்ணத்தைப் பிடித்துத் தொட்டிக்குக் கொண்டுபோய்க் குழாயைத் திறந்தாள். அப்போதுதான் காலி டப்பா கண்ணில் பட்டது. கிண்ணத்தை ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தாள். கருகவில்லை, கருகுவதற்கு ஒரு படி முன்னால் நின்றிருந்தது. அடர்ந்த கடுஞ்சிவப்பு. முகர்ந்து பார்த்தாள். சற்று யோசித்துக் குழாயை மூடினாள்.

கிண்ணத்தைச் சுழற்றியதும் சீனி அடியெங்கும் பரவி, குளிர்ந்து, கண்ணாடி போல் இறுகியது. அதன்மேல் பாலும் முட்டையும் இறங்கின.

"நீ யார்?" என்றது பால்.

"நான் சீனி."

"சீனி என்னோடு அல்லவா இருக்கிறது" என்றது பால். அதில் கரைந்திருந்த அந்த ஒரு கரண்டிச் சீனி குனிந்து பார்த்தது. ஒரே டப்பாவில் கிடந்ததுதான். அடையாளம் தெரியாமல் ஒதுங்கிக்கொண்டது.

ஜெசிந்தா இந்த முறை சூட்டைக் குறைத்து வைத்தாள். நகராமல் எதிரே நின்றாள். ஆறாவது நிமிடத்தில், அலைந்துகொண்டிருந்த பாலும் முட்டையும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு அசையாமல் நின்றன. ஆறவைத்து, தட்டை மேலே மூடித் தலைகீழாகக் கவிழ்த்தாள். கிண்ணத்தைத் தூக்கியதும் மஞ்சள் மேனியின் உச்சியிலிருந்து கடுஞ்சிவப்புச் சாறு நாலாபக்கமும் மெதுவாக வழிந்தது. ஜெசிந்தாவே ஒரு நிமிடம் கரண்டியை எடுக்காமல் பார்த்துக்கொண்டு நின்றாள்.

கட்டிலருகே போய் உட்கார்ந்தாள். "மதினி, ஒரே ஒரு வாய். பிடிக்கலன்னா துப்பிருங்க, நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன்."

விண்ணரசி மறுக்கத்தான் நினைத்தாள். மறுக்கவும் தெம்பில்லை. வாயைத் திறந்தாள்.

அவள் நாவில் ஏற்கெனவே ஒரு கசப்பு உட்கார்ந்திருந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து அவளோடு வந்தது. வழியை மறித்துக்கொண்டு நான்கு நாளாக அங்கேயே இருந்தது.

"திரும்பிப் போ" என்றது அது. "இங்கே இனிப்புக்கு இடமில்லை. வருகிறவர்கள் எல்லாரும் எதுவுமே நடக்காத மாதிரி வருகிறார்கள்."

"நான் அப்படி வரவில்லை" என்றது சீனி.

"எப்படி வந்தாய்?"

"எரிந்து வந்தேன். இன்னும் பத்து விநாடி இருந்திருந்தால் கரியாகியிருப்பேன்."

கசப்பு அதைத் தொட்டுப் பார்த்தது. சூடு ஆறியிருந்தாலும், எரிந்த இடம் எரிந்த இடமாகவே இருந்தது. கசப்பு வெளியே போகவில்லை. கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தது.

விண்ணரசி விழுங்கினாள்.

"கசக்குது" என்றாள்.

"கொஞ்சம் கருகிட்டு மதினி. வச்சிருங்க, நான் வேற எதாவது..." என்று ஜெசிந்தா தட்டை வாங்கக் கை நீட்டினாள்.

விண்ணரசி தட்டைக் கொடுக்கவில்லை. கரண்டியைத் தானே வாங்கி இன்னொரு வாய் எடுத்தாள். அவள் கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கியது. ஆஸ்பத்திரியிலும் சரி, வீட்டிலும் சரி, அவள் அழுது யாரும் பார்த்ததில்லை. அழுதுகொண்டே சாப்பிட்டாள். ஜெசிந்தா அவள் முதுகில் கைவைத்துக்கொண்டாள்.

தட்டு காலியானதும் விண்ணரசி முந்தானையில் முகத்தைத் துடைத்தாள்.

"கிண்ணத்து அடியில கொஞ்சம் ஒட்டியிருக்கும் ஜெசி" என்றாள். "அந்தக் கறுத்ததையும் சுரண்டி எடுத்துட்டு வா."